இரண்டு கலவரங்களும் பினாங்கின் சில்லுகளும்

2021 ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாத இறுதியில் அமெரிக்காவின் கன்சாஸ் சிற்றி நகரிலுள்ள ஃபோர்ட் வாகனத் தொழிற்சாலையில் ஒரு வார காலம் உற்பத்தி இடைநிறுத்தப்பட்டது. அமெரிக்கர்கள் பெருந்தொகையாக வாங்கும் எஃப்-150 ரக வாகனம் தயாராகும் இடம் அது. அங்கு உருக்குக்குத் தட்டுப்பாடு இருக்கவில்லை. தொழிலாளரும் வேலைக்குத் தயாராகவே இருந்தனர். வந்து சேராதவை விரல் நகத்திலும் சிறிய சில குறைகடத்திச் சில்லுகள் மாத்திரமே. கொவிட் பெருந்தொற்றினால் மலேசியாவில் பிறப்பிக்கப்பட்ட முடக்கமும் அங்குள்ள தொழிற்சாலைகளுக்குள் பரவிய நோயும் அச்சில்லுகளின் வரவைத் தடுத்துவிட்டன. உலகின் முதல் பொருளாதார வல்லரசின் வாகனத் தொழில், மலேசியத் தொழிற்சாலைகளின் கதவு திறப்பதைப் பார்த்துக் காத்திருக்க வேண்டியதாயிற்று.

சில்லு என்றால் எமது ஊரில் வண்டிச் சக்கரம். கணினித் தமிழ் அச்சொல்லுக்கு இப்போது வேறொரு பொருளையும் தந்திருக்கிறது. மலாயா என்ற பெயரும் அத்தகையதே. எமது முன்னைய தலைமுறைக்கு மலாயா என்றால் புகையிரதப் பகுதியில் எழுதுவினைஞர் வேலை, மாதந் தவறாமல் வரும் காசுக்கட்டளை, ஓய்வுபெற்று ஊர் திரும்பும் 'மலாயன் பென்சனியர்' கட்டிய கல்வீடு. இந்தியத் தமிழருக்கோ அது இரப்பர்த் தோட்டத்து லயன். ஈயமும் இரப்பரும் விற்று வாழ்ந்த அந்த நாட்டின் ஏற்றுமதி வருமானத்தில் இன்று ஏறத்தாழ நூற்றுக்கு நாற்பது பங்கு மின், இலத்திரனியல் பொருட்களிலிருந்து கிடைக்கிறது. அவற்றுள் முதன்மையானவை குறைகடத்திகள். உலகில் சில்லுகளைப் பொதிசெய்து பரிசோதிக்கும் வேலையில் நூற்றுக்கு பதின்மூன்று பங்கு மலேசியாவிலேயே நடைபெறுவதாகக் கணக்கிடப்படுகிறது.

இந்த மாற்றம் எவ்வாறு நிகழ்ந்தது என்பதை நாம் அறிந்துகொள்வது அவசியம். ஏனெனில் அந்த வரலாற்றின் ஒரு கிளை இலங்கைக்கும் வந்து, முளைவிடுமுன்னரே கருகிப்போனது.

துறைமுகத்தை இழந்த தீவு

பினாங்குத் தீவில் 1786 இல் பிரான்சிஸ் லைட் ஆங்கிலேயக் கொடியை ஏற்றிய நாளிலிருந்து அது ஒரு சுங்கத் தீர்வையற்ற துறைமுகம். சுமாத்திராவின் மிளகும் தாய்லாந்தின் அரிசியும் மலாயாவின் ஈயமும் அங்கு வந்து கைமாறின. சீன வணிகர், தமிழ் முஸ்லிம் வணிகர், நாட்டுக்கோட்டைச் செட்டியார் எனப் பலரும் அந்த வர்த்தகத்தில் செழித்தனர். 1957 இல் மலாயா சுதந்திரம் பெற்றபின் நாட்டின் வர்த்தகம் கோலாலம்பூரையும் அதனை அடுத்த துறைமுகத்தையும் நோக்கித் திரும்பியது. பினாங்கின் தீர்வையற்ற சலுகை படிப்படியாகத் தேய்ந்து 1969 இல் இல்லாதொழிந்தது. அக்காலத்தில் அத்தீவில் வேலை செய்யக்கூடியவர்களுள் நூற்றுக்குப் பதினைந்து பேரளவில் வேலையற்றிருந்தனர். 1967 நவம்பரில் நாணயப் பெறுமதிக் குறைப்பை எதிர்த்து நடந்த கடையடைப்பு வன்செயலாக மாறியதற்கு இந்த வேலையின்மையும் ஒரு காரணம் எனலாம்.

1969 மே 10 ஆம் திகதி நடைபெற்ற பொதுத்தேர்தலில் பினாங்கு மாநில ஆட்சியை கெராக்கான் என்ற எதிர்க்கட்சி கைப்பற்றியது. எடின்பரோவில் மருத்துவம் படித்த டொக்டர் லிம் சொங் யூ முதலமைச்சரானார். தேர்தல் முடிந்து மூன்றாம் நாள், மே 13 ஆம் திகதி, கோலாலம்பூரில் மலாய்க்காரருக்கும் சீனருக்குமிடையே இனக்கலவரம் வெடித்தது. அரசாங்கக் கணக்கின்படி 196 பேர் உயிரிழந்தனர். உண்மைத் தொகை அதைவிடப் பன்மடங்கு என்று சொல்பவர்கள் உளர். நாடாளுமன்றம் இடைநிறுத்தப்பட்டது. துன் அப்துல் ரசாக் தலைமையிலான தேசிய நடவடிக்கை மன்றம் நாட்டை ஆண்டது.

கலவரத்தின் காரணம் பொருளாதார ஏற்றத்தாழ்வே என்று ரசாக்கின் அரசாங்கம் முடிவுகட்டியது. நாட்டுப்புறத்து மலாய்க்காரர் வறியவர்களாகவும் நகரத்து வணிகம் சீனர் கையிலும் இருக்கும்வரை அமைதி நிலைக்காது என்பது அதன் வாதம். 1971 இல் புதிய பொருளாதாரக் கொள்கை வெளியாயிற்று. இனவேறுபாடின்றி வறுமையை ஒழிப்பது அதன் முதல் நோக்கம். இன்ன இனத்தவருக்கு இன்ன தொழில் என்ற நிலையை மாற்றுவது இரண்டாவது நோக்கம். 1990 ஆம் ஆண்டுக்குள் நாட்டின் பங்குமுதலில் 30 சதவீதம் மலாய்க்காரரும் ஏனைய பூர்வீகக் குடிகளும் உள்ளிட்ட பூமிபுத்திரர் கைக்கு வரவேண்டும் என இலக்கு வகுக்கப்பட்டது.

இக்கொள்கையின் நன்மை தீமைகளைப் பின்னர் பார்ப்போம். இங்கு கவனிக்கவேண்டியது ஒன்று. கிராமத்து மலாய் இளைஞர் யுவதிகளை விரைவாகத் தொழிற்சாலை வேலைக்குக் கொண்டுவரவேண்டிய தேவை கோலாலம்பூருக்கு இருந்தது. துறைமுகத்தை இழந்த தீவுக்கு ஏதாவதொரு தொழிலைக் கொண்டுவர வேண்டிய தேவை பினாங்குக்கு இருந்தது. வெவ்வேறு கட்சிகளின் கையிலிருந்த இரு அரசாங்கங்களும் இந்த ஒரு விடயத்தில் இணங்கிப் போயின. 1971 இல் சுதந்திர வர்த்தக வலயச் சட்டம் நிறைவேற, 1972 இல் நாட்டின் முதலாவது வலயம் பினாங்கின் பாயான் லெப்பாஸ் பகுதியில் திறக்கப்பட்டது.

நெல்வயலில் எழுந்த தொழிற்சாலைகள்

அமெரிக்கக் கம்பனிகள் பினாங்குக்கு வந்த காரணத்தை விளங்கிக்கொள்ள அத்தொழிலின் தன்மையைச் சற்று அறியவேண்டும். 1947 இல் பெல் ஆய்வுகூடத்தில் திரான்சிஸ்டர் கண்டுபிடிக்கப்பட்டது. 1958, 1959 ஆம் ஆண்டுகளில் ஜக் கில்பியும் ரொபேர்ட் நொய்ஸும் தனித்தனியே ஒருங்கிணைந்த சுற்றை உருவாக்கினர். சிலிக்கன் வட்டத் தகட்டின்மேல் நூற்றுக்கணக்கான நுண்சுற்றுகளைப் பதிப்பது அதிக மூலதனமும் உயர்ந்த அறிவும் வேண்டிய வேலை. அது அமெரிக்காவிலேயே நடந்தது. ஆனால் அத்தகட்டைத் துண்டுகளாக அறுத்து, ஒவ்வொரு துண்டையும் சட்டத்தில் ஒட்டி, மயிரிழையிலும் மெல்லிய தங்கக் கம்பிகளால் இணைத்து, உறையிட்டு, சோதித்துப் பார்ப்பது அந்நாளில் முற்றுமுழுதாகக் கைவேலை. உருப்பெருக்கிக் கண்ணாடியினூடாகப் பார்த்தபடி நாள்முழுவதும் செய்யவேண்டிய வேலை அது.

அந்தக் கைவேலைக்குக் குறைந்த கூலியைத் தேடி ஃபெயார்சைல்ட் கம்பனி 1960களின் தொடக்கத்தில் ஹொங்கொங்குக்குச் சென்றது. ஏனைய கம்பனிகள் தென்கொரியா, தாய்வான், சிங்கப்பூர் என அதன் வழியில் சென்றன. அமெரிக்கச் சுங்கச் சட்டமும் இதற்கு வாய்ப்பாக இருந்தது. அமெரிக்கப் பாகங்களை வெளிநாட்டில் பொருத்தித் திரும்பக் கொண்டுவந்தால், வெளிநாட்டில் சேர்ந்த பெறுமதிக்கு மாத்திரமே தீர்வை செலுத்தினாற் போதும்.

1970களின் தொடக்கத்தில் சிங்கப்பூரில் கூலி ஏறத் தொடங்கியது. அவ்வேளையில் லிம் சொங் யூ தமது மாநில அபிவிருத்திக் கூட்டுத்தாபனத்தோடு கம்பனிகளின் வாசல்வரை சென்று அழைப்பு விடுத்தார். ஆங்கிலம் தெரிந்த ஊழியர்கள், வரிவிலக்கு, தயாரான நிலம் ஆகியவற்றோடு, வலயத்துக்கு அருகிலேயே விமான நிலையமும் இருந்தது. நிறையிற் சிறிதும் விலையிற் பெரிதுமான சில்லு கப்பலிலன்றி விமானத்திலேயே பயணஞ் செய்யும் பொருள். துறைமுகத்தை இழந்த தீவுக்கு விமான நிலையம் கைகொடுத்தது.

முதலில் வந்தவை எட்டு. நஷனல் செமிகண்டக்டர், இன்டெல், ஏஎம்டி, ஹியூலெட் பக்கார்ட், லிட்ரொனிக்ஸ் ஆகிய அமெரிக்கக் கம்பனிகளும், ஹிட்டாச்சி, கிளாரியன் ஆகிய ஜப்பானியக் கம்பனிகளும், ஜெர்மனியின் ரொபேர்ட் பொஷ் நிறுவனமும் அவை. இன்றும் பினாங்கில் அவற்றை 'எட்டு சாமுராய்கள்' என்று சொல்வார்கள். இன்டெல் அமெரிக்காவுக்கு வெளியே அமைத்த முதலாவது தொழிற்சாலை இதுதான். 1972 இல் ஐந்து ஏக்கர் நெல்வயலில், 1.6 மில்லியன் டொலர் முதலீட்டில், ஏறத்தாழ ஆயிரம் ஊழியர்களோடு அது தொடங்கப்பட்டது. 1975 மே முதலாம் திகதி அத்தொழிற்சாலை தீயில் அழிந்தது. இன்டெல் திரும்பிச் செல்லவில்லை. அதே இடத்தில் மீண்டும் கட்டியது. கட்டடம் எரிந்தாலும் அதனுள் வேலை செய்தவர்களும் அவர்களது பயிற்சியும் எஞ்சியிருந்தனவல்லவா?

கம்பத்துப் பெண்களின் கண்கள்

இந்த வளர்ச்சிக் கதையில் பெரும்பாலும் சொல்லாமல் விடப்படும் பகுதி ஒன்றுண்டு. தொழிற்சாலைகளில் உருப்பெருக்கியின்முன் அமர்ந்தவர்களுள் மிகப் பெரும்பான்மையினர் பதினெட்டு, இருபது வயதுப் பெண்கள். 'கம்பம்' எனப்படும் மலாய்க் கிராமங்களிலிருந்து வந்தவர்களே அவர்களில் அதிகம். சீனப் பெண்களும் தோட்டங்களிலிருந்து வந்த தமிழ்ப் பெண்களும் அவர்களோடு அமர்ந்தனர். கீழைத்தேயப் பெண்களின் கைகள் சிறியவை, விரைவானவை என்று முதலீட்டாளருக்கான அரசாங்கப் பிரசுரமே விளம்பரஞ் செய்தது. சில ஆண்டுகளில் அப்பெண்களின் பார்வை மங்கியது. இரவுபகல் மாறிமாறி வந்த வேலைமுறை உடலை வாட்டியது.

1970களில் மலேசியத் தொழிற்சாலைகளில் விசித்திரமான நிகழ்வுகள் அறிவிக்கப்பட்டன. ஒரு பெண் உருப்பெருக்கியில் பேயைக் கண்டதாக அலறுவாள். அடுத்தவளும் அலறுவாள். வரிசை முழுவதும் அது பரவி வேலை நின்றுவிடும். நிர்வாகம் மலாய் மாந்திரீகரான 'போமோ'வை அழைத்து ஆடு வெட்டிக் கழிப்புச் செய்விக்கும். பினாங்கில் பிறந்த மானிடவியலாளர் ஐவா ஓங் சிலாங்கூர் மாநிலத் தொழிற்சாலைகளை ஆராய்ந்து 1987 இல் வெளியிட்ட நூலில், வாய்திறந்து முறையிட வழியற்ற பெண்களின் எதிர்ப்பே பேயுருவில் வெளிப்பட்டது என விளக்கினார். முறையிட வழியில்லை என்பது உண்மையே. இலத்திரனியல் தொழிலாளர் தொழிற்சங்கம் அமைக்கப் பல ஆண்டுகள் இடமளிக்கப்படவில்லை. 1988 இல் அனுமதி அறிவிக்கப்பட்டபோதும், கம்பனிக்குள் அடங்கிய சங்கங்களாக மாத்திரமே அவை இருக்கலாம் என அரசாங்கம் வரையறுத்தது. மாநிலங்களைக் கடந்து பிராந்திய அளவில் சங்கம் அமைப்பதற்கு மேலும் இருபது ஆண்டுகள் வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

ஆயினும் அப்பெண்களின் சம்பளம் கிராமத்துக் குடும்பங்களின் வாழ்வை மாற்றியது என்பதையும் மறுக்கமுடியாது. தம்பி, தங்கையரின் படிப்புச் செலவு அந்தப் பணத்தில் நடந்தது. அவ்வாறு படித்தவர்களுட் பலர் பின்னாளில் அதே தொழிற்சாலைகளுக்குள் பொறியியலாளராக நுழைந்தனர்.

கூலியிலிருந்து திறனுக்கு

1985 இல் உலகச் சில்லுச் சந்தை சரிந்தது. மலேசியப் பொருளாதாரமும் அவ்வாண்டு சுருங்கியது. பினாங்கில் பெருந்தொகையானோர் வேலையிழந்தனர். குறைந்த கூலியை மாத்திரம் காட்டி எவ்வளவு காலம் பிழைக்கமுடியும் என்ற கேள்வி அப்போது எழுந்தது. தங்கக் கம்பியை இணைக்கும் வேலையை இயந்திரங்கள் கைகளிலிருந்து பறிக்கத் தொடங்கியிருந்தன.

அதற்குப் பினாங்கு கண்ட விடை 1989 இல் நிறுவப்பட்ட திறன் அபிவிருத்தி நிலையம். மாநில அரசாங்கம் நிலத்தையும் கட்டடத்தையும் தர, போட்டிக் கம்பனிகள் ஒன்றுசேர்ந்து தமது பழைய இயந்திரங்களையும் பயிற்றுநர்களையும் கொடுத்தன. கம்பி இணைத்த பெண்கள் இயந்திரங்களை இயக்கவும் பழுதுபார்க்கவும் கற்றனர். பொருத்தும் வேலையோடு நிற்காமல் சோதனை, வடிவமைப்பு ஆகியவற்றுக்கும் கம்பனிகள் உள்ளூர்ப் பொறியியலாளரை நம்பத் தொடங்கின. இன்டெலில் வேலை செய்த இருவர் 1991 இல் குளோப்ரொனிக்ஸ் நிறுவனத்தைத் தொடங்கினர். ஹியூலெட் பக்கார்ட்டின் வழிவந்த கம்பனியில் பயின்றவர்கள் 2000 இல் வைட்ரொக்ஸ் என்ற பரிசோதனை இயந்திர நிறுவனத்தை அமைத்தனர். பினாங்குக்கு அப்பால், கெடா மாநிலத்துக் கூலிமில் 1996 இல் உயர்தொழில்நுட்பப் பூங்கா திறக்கப்பட்டது. ஜெர்மனியின் இன்ஃபினியன் நிறுவனம் அங்கு 2006 முதல் சிலிக்கன் தகடுகளிலேயே சுற்றுகளைப் பதித்து வருகிறது.

தாய்வான் சென்ற மற்றைய பாதை

மலேசியா வளர்ந்தது என்பதில் ஐயமில்லை. ஆனால் அதே காலத்தில் அதே கைவேலையிலிருந்து தொடங்கிய தாய்வான் எங்கே சென்றிருக்கிறது என்று பார்க்கும்போது ஒரு வேறுபாடு புலனாகும்.

1974 பெப்ரவரியில் தாய்ப்பே நகரத்துச் சோயாப்பால் கடையொன்றில் காலையுணவின்போது ஒரு சந்திப்பு நடந்தது. அமெரிக்காவின் ஆர்சிஏ நிறுவனத்தில் பணியாற்றிய பான் வென்-யுவான் என்ற பொறியியலாளர், ஒருங்கிணைந்த சுற்றுத் தொழில்நுட்பத்தை அரசாங்கமே விலைகொடுத்து வாங்கவேண்டும் எனப் பொருளாதார அமைச்சர் சுன் யுன்-சுவானுக்கு அங்கு ஆலோசனை கூறினார். 1976 இல் ஆர்சிஏயுடன் உடன்படிக்கை கைச்சாத்தாகி, இளம் பொறியியலாளர் பயிற்சிக்காக அமெரிக்கா அனுப்பப்பட்டனர். 1980 இல் சின்சு அறிவியற் பூங்கா திறக்கப்பட்டது. டெக்சாஸ் இன்ஸ்ருமென்ட்ஸ் நிறுவனத்தில் இருபத்தைந்து ஆண்டுகள் பணியாற்றிய மொறிஸ் சாங் 1985 இல் அழைத்து வரப்பட்டார். பிறர் வடிவமைக்கும் சில்லுகளைத் தயாரித்துக் கொடுப்பதையே தொழிலாகக் கொண்ட டிஎஸ்எம்சி 1987 இல் அவர் தலைமையில் உருவாயிற்று. அதன் முதலில் ஏறத்தாழ அரைவாசியை அரசாங்கம் இட்டது. இன்று உலகின் மிக முன்னேறிய சில்லுகளுட் பெரும்பகுதி அங்குதான் தயாராகிறது.

மலேசியாவும் முயலாமலில்லை. மிமொஸ் என்ற நுண்ணிலத்திரனியல் நிறுவகம் 1985 இல் அமைக்கப்பட்டது. சில்ரெரா என்ற அரசுடைமைச் சில்லு ஆலை 1995 இல் பதிவுசெய்யப்பட்டுக் கூலிமில் எழுந்தது. ஆனால் தாய்வான் ஓடிக் கடந்த தூரம் அதற்குள் மிக நீண்டுவிட்டது. போட்டியைத் தாங்கமுடியாத சில்ரெரா 2021 இல் விற்கப்பட்டது.

தாய்வான் தனது ஆட்களைத் திருப்பி அழைத்தது. மலேசியா தனது ஆட்களை வெளியே போகவிட்டது. இரு பாதைகளும் பிரிந்ததற்கு வேறு காரணங்களும் உண்டென்றாலும், இதனை முதன்மையான காரணம் என்றே கருதுகிறேன்.

புதிய பொருளாதாரக் கொள்கையின் கீழ்ப் பல்கலைக்கழக அனுமதி இன ஒதுக்கீட்டின்படி நடந்தது. 1975 இன் கைத்தொழில் ஒருங்கிணைப்புச் சட்டம் உள்நாட்டுத் தொழிலதிபரின் பங்குமுதலிலும் வேலைக்கமர்த்தலிலும் நிபந்தனைகளை விதித்தது. ஏற்றுமதிக்கு மாத்திரம் உற்பத்தி செய்யும் வெளிநாட்டுக் கம்பனிகளோ முழு உரிமையையும் தாமே வைத்துக்கொள்ளலாம். பினாங்கிலிருந்த ஒரு சீனத் தொழிலதிபரிலும் பார்க்க கலிபோர்னியாவிலிருந்து வந்தவருக்கு அதிக சுதந்திரம் இருந்தது. பெறுபேறுகள் இருந்தும் இடங் கிடைக்காத சீன, தமிழ் மாணவர்கள் சிங்கப்பூர், தாய்வான், அவுஸ்திரேலியா, இங்கிலாந்து எனச் சென்றனர். சென்றவர்களிற் பலர் திரும்பவில்லை. வெளியே வாழும் மலேசியர்கள் ஏறத்தாழ பத்து இலட்சம் பேர் என 2011 இல் உலக வங்கி மதிப்பிட்டது. வெளியேற்றத்துக்கான முக்கிய காரணங்களுள் ஒன்றாகச் சமூக அநீதியை அவர்களே குறிப்பிட்டிருந்தனர்.

உலகச் சில்லுத் தொழிலின் உச்சியில் இன்று மலேசியாவிற் பிறந்தவர்களைக் காணலாம். புரோட்கொம் நிறுவனத்தின் தலைவர் ஹொக் டான் பினாங்கில் பிறந்தவர். வலயம் திறக்கப்படுவதற்கு முந்திய ஆண்டு, 1971 இல், புலமைப்பரிசில் பெற்று அமெரிக்கா சென்றார். எட்டு சாமுராய்களில் ஒன்றான ஹியூலெட் பக்கார்ட்டின் குறைகடத்திப் பிரிவு பல கைமாறி அவாகோ என்ற பெயர் பெற்றது. 2006 இல் அதனைப் பொறுப்பேற்று அவர் வளர்த்ததே இன்றைய புரோட்கொம். 2025 மார்ச் மாதம் இன்டெலின் தலைமைக்கு வந்த லிப்-பூ டான் ஜொகூர் மாநிலத்து மூவாரில் பிறந்து சிங்கப்பூரில் வளர்ந்தவர். சிலாங்கூரின் செக்கிஞ்சான் என்ற மீனவ ஊரிலிருந்து 1993 இல் தாய்வானுக்குப் படிக்கச் சென்ற புவா கெயின்-செங், அங்கேயே தங்கி 2000 இல் ஃபைசன் நிறுவனத்தை நண்பர்களுடன் தொடங்கினார். நாம் சட்டைப்பையில் கொண்டுதிரிந்த 'பென் ட்ரைவ்' கருவிக்கான ஒற்றைச் சில்லை உருவாக்கிய நிறுவனம் அது. இவர்கள் ஒவ்வொருவர் வெளியே வாழ்வதற்கும் ஒவ்வொரு காரணம் இருக்கும். எல்லாவற்றையும் அரசாங்கத்தின் தலையில் கட்டுவது நியாயமாகாது. ஆனால் இவர்களைப் பெற்ற நாடு இவர்களைத் திருப்பி அழைக்கும் நாடாக இருக்கவில்லை என்பது மாத்திரம் தெளிவு.

கட்டுநாயக்காவுக்கு வராத தொழிற்சாலைகள்

இனி எமது நாட்டுக்கு வருவோம்.

மலேசியா புதிய பொருளாதாரக் கொள்கையை வெளியிட்ட அதே 1971 இல்தான் இலங்கையில் பல்கலைக்கழக அனுமதிக்கான தரப்படுத்தல் அறிமுகமாயிற்று. பேராதனையில் பொறியியல் பயில்வதற்கு, மொத்தம் 400 புள்ளிகளில், சிங்கள மொழிமூல மாணவருக்கு 227 புள்ளிகள் போதுமாக இருக்கத் தமிழ் மொழிமூல மாணவருக்கு 250 புள்ளிகள் வேண்டப்பட்டன. வசதி குறைந்த பெரும்பான்மையினருக்கு வழி திறப்பது என்று இரண்டு நாட்டிலும் காரணம் சொல்லப்பட்டது. இரண்டு நாட்டிலும் கதவடைக்கப்பட்டவர்கள் சிறுபான்மை இளைஞர்கள். ஆனால் மலேசியாவில் அந்த இளைஞர்கள் கடவுச்சீட்டை எடுத்தார்கள். இலங்கையில் அவர்களுட் சிலர் துப்பாக்கியை எடுத்தார்கள். மலேசிய அரசாங்கம் 1969 இன் பின்னர் இன்னொரு பெருங்கலவரத்துக்கு இடமளிக்கவில்லை. இலங்கையிலோ 1977, 1981, 1983 என அவை தொடர்ந்தன.

1977 இல் ஆட்சிக்கு வந்த ஜே. ஆர். ஜயவர்தன அரசாங்கம் பொருளாதாரத்தைத் திறந்துவிட்டு, 1978 இல் பாரிய கொழும்புப் பொருளாதார ஆணைக்குழுவையும் கட்டுநாயக்கா சுதந்திர வர்த்தக வலயத்தையும் அமைத்தது. பாயான் லெப்பாஸைப் போலவே அதுவும் விமான நிலையத்தின் அருகில் இருந்தது. சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் கூலி உயர்ந்துகொண்டிருந்த வேளை அது. எழுத்தறிவு மிக்க பெண் தொழிலாளரும் ஆங்கிலத்திற் பயின்ற பொறியியலாளரும் இலங்கையில் இருந்தனர். மலேசியாவில் ஏற்கெனவே தொழிற்சாலைகள் நடத்திய மொட்டோரோலா, ஹரிஸ் ஆகிய இரண்டு அமெரிக்கக் கம்பனிகள் 1980களின் தொடக்கத்தில் கட்டுநாயக்காவிலும் இலத்திரனியல் தொழிற்சாலை அமைக்க முன்வந்தன.

1983 ஜூலை 23 ஆம் திகதி யாழ்ப்பாணத்தில் பதின்மூன்று இராணுவத்தினர் கொல்லப்பட்டதை அடுத்துக் கொழும்பு எரிந்தது. தமிழர்கள் வீதிகளில் வெட்டியும் எரித்தும் கொல்லப்பட்டனர். வெலிக்கடைச் சிறையில் கைதிகள் படுகொலை செய்யப்பட்டனர். தமிழருக்குச் சொந்தமான கடைகளும் ஆலைகளும் சாம்பராயின. அவ்வாலைகளில் வேலை செய்த ஆயிரக்கணக்கான சிங்களத் தொழிலாளரும் வேலையிழந்து நின்றனர். மொட்டோரோலாவும் ஹரிஸும் தமது திட்டங்களைக் கைவிட்டன.

அந்நாட்களில் செய்தியறைகளில் இருந்த எம்மைப் போன்றோர் இறந்தவர்களையும் அகதி முகாம்களில் இருந்தவர்களையும் எண்ணிக்கொண்டிருந்தோம். இரண்டு கம்பனிகள் வராமற் போனதை எண்ணுவதற்கு எவருக்கும் நேரமிருக்கவில்லை. உயிரிழப்பின்முன் அது ஒரு பொருட்டுமன்று. பொருளியலாளர் அதனைப் பின்னாளில் எடுத்துச் சொன்னபோதுதான் அதன் தாக்கம் எமக்கு உறைத்தது. பன்னாட்டு இலத்திரனியற் கம்பனிகள் மந்தையாக நகர்பவை. ஒன்றிரண்டு முன்னே சென்று நிலைபெற்றால் ஏனையவை பின்தொடரும். பினாங்கில் எட்டு வந்தபின் நூற்றுக்கணக்கில் வந்தன. கட்டுநாயக்காவுக்கு முன்னே வரவிருந்தவை பின்வாங்கியபோது, பின்னே வரக்கூடியவையும் வராமற் போயின.

அந்த இரண்டு தொழிற்சாலைகளும் வந்திருந்தால் இலங்கை இன்னொரு மலேசியாவாகியிருக்கும் என்று நான் சொல்லவரவில்லை. மலேசியாவிடம் பின்னர் எண்ணெயும் எரிவாயுவும் இருந்தன. மாநில அரசாங்கத்துக்கு முன்முயற்சி எடுக்க இடமிருந்தது. இலங்கையின் மாகாணங்களுக்கு அது அன்று இருக்கவில்லை, இன்றும் போதியளவு இல்லை. ஆனால் பலன்களை ஒப்பிடாமல் இருக்கவும் முடியவில்லை. மலேசியாவின் பண்ட ஏற்றுமதியில் நூற்றுக்கு நாற்பதளவில் மின், இலத்திரனியல் பொருட்கள் என்று மேலே கண்டோம். இலங்கையின் பண்ட ஏற்றுமதியிலும் நூற்றுக்கு நாற்பதளவில் ஒரு பொருள் இருக்கிறது. அது ஆடை. கட்டுநாயக்காவில் எமது பெண்கள் தைக்கத் தொடங்கி நாற்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டது. மலேசியாவின் தலா வருமானம் ஆண்டுக்கு 11,000 டொலரைத் தாண்டிவிட்டது. இலங்கையினது 4,000 டொலரை ஒட்டி நிற்கிறது. 2022 இல் வெளிநாட்டுக் கடனைச் செலுத்தமுடியாமல் நாடு வங்குரோத்தானபோது, எரிபொருள் வரிசையில் நின்றவர்களுள் எத்தனைபேர் 1983 ஐ நினைத்திருப்பார்கள்?

அறுபதாயிரம் பொறியியலாளர்

2024 மே மாதம் மலேசியப் பிரதமர் அன்வர் இப்ராஹிம் தேசியக் குறைகடத்தி உபாயத்தை அறிவித்தார். அரசாங்கம் குறைந்தது 25 பில்லியன் ரிங்கிட்டை ஒதுக்கும். 500 பில்லியன் ரிங்கிட் முதலீட்டை ஈர்ப்பது நோக்கம். 60,000 பொறியியலாளர் பயிற்றப்படுவர். 2025 மார்ச் மாதம் பிரித்தானியாவின் ஆர்ம் நிறுவனத்துடன் பத்து ஆண்டுகளில் 250 மில்லியன் டொலர் செலுத்தும் உடன்படிக்கை ஒன்றும் செய்யப்பட்டது. சில்லுகளைப் பொதிசெய்யும் நாடு, அவற்றை வடிவமைக்கும் நாடாகவும் மாறவேண்டும் என்பது அதன் குறிக்கோள். தாய்வான் 1976 இல் ஆர்சிஏயிடம் வாங்கியதை மலேசியா ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் கழித்து ஆர்மிடம் வாங்குகிறது எனலாம்.

பணத்தையும் நிலத்தையும் ஒதுக்குவது இலகு. அறுபதாயிரம் பேரைப் பயிற்றுவதும் இயலக்கூடியதே. பயின்றவன் சிங்கப்பூருக்குப் பேருந்து ஏறாமல் பினாங்கிலேயே இருக்கவேண்டுமானால், தன் பிள்ளைக்கும் அங்கே இடமுண்டு என்று அவன் நம்பவேண்டும். அவன் மலாய்க்காரனாயினும் சீனனாயினும் தோட்டத்திலிருந்து வந்த தமிழனாயினும் அந்த நம்பிக்கை ஒன்றாகவே இருக்கவேண்டும். 2007 நவம்பர் 25 ஆம் திகதி கோலாலம்பூர் வீதிகளில் இறங்கிய ஆயிரக்கணக்கான தமிழர்கள், அந்த நம்பிக்கை தமக்கு இல்லை என்பதையே சொல்ல வந்தார்கள்.

இலங்கையின் நிலையோ இன்னும் ஒருபடி பின்னே இருக்கிறது. 2022 இல் பத்தரமுல்லையில் கடவுச்சீட்டு அலுவலகத்தின்முன் இரவிரவாக நீண்ட வரிசையில் தமிழரோடு சிங்கள இளைஞரும் நின்றனர். நாற்பது ஆண்டுகளுக்கு முன்னர் ஓர் இனத்தின் படித்த பிள்ளைகளைத் துரத்திய நாட்டில், இப்போது எல்லா இனத்தின் படித்த பிள்ளைகளும் புறப்படுகிறார்கள். இனியொரு காலத்தில் கட்டுநாயக்காவின் கதவை வேறொரு கம்பனி தட்டக்கூடும். அப்போது அதன் முதற்கேள்வி வரிச்சலுகையைப் பற்றியதாக இருக்காது. வேலை செய்ய ஆட்கள் இருக்கிறார்களா, இருப்பவர்கள் அச்சமின்றி இருக்கிறார்களா என்பதாகவே இருக்கும்.